டிடெக்டிவ் கோனன் தொடக்க எபிசோடுகள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

டிடெக்டிவ் கோனன் என்ற ஜப்பானிய அனிமே (கார்ட்டூன்) துப்பறியும் தொடரைப் பார்க்கலாமா என்று யோசிப்பவர்கள் முதலில் மிரள்வது எண்ணிக்கையைப் பார்த்துத்தான். ஆயிரத்து நூறைத் தாண்டி இன்னும் ஓடிக்கொண்டிருக்கும் ஒரு தொடரை எங்கே பிடிப்பது, எங்கே விடுவது என்று யாருக்கும் தெரியாது. அதனால் இந்தப் பக்கத்தில் 1996 ஜனவரியில் தொடங்கி 1999 ஜனவரி வரை வந்த எபிசோடுகளைப் பற்றி மட்டுமே பேசப் போகிறேன். ஜப்பானியக் கணக்கில் அது 1 முதல் 129 வரை. எந்த வழக்கிலும் கொலையாளி யார் என்று சொல்லப்போவதில்லை, பயப்படாமல் படிக்கலாம்.

கதை என்ன?

ஷினிச்சி குடோவுக்குப் பதினேழு வயது. பள்ளி மாணவன், ஆனால் போலீஸே உதவிக்குக் கூப்பிடும் அளவுக்குத் துப்பறிவதில் கெட்டிக்காரன். சிறு வயதுத் தோழி ரான் மோரியோடு டிராபிகல் லேண்ட் என்ற கேளிக்கைப் பூங்காவுக்குப் போகிறான். அங்கே ரோலர் கோஸ்டரில் ஒரு கொலை. அதைத் தீர்த்துவிட்டுத் திரும்பும்போது கருப்பு உடை அணிந்த இருவர் கண்ணில் படுகிறார்கள். அவர்களில் ஒருவன் ரகசியமாகப் பணம் வாங்குவதை ஒளிந்திருந்து பார்க்கிறான். இன்னொருவன் பின்னால் வந்து நிற்பதைக் கவனிக்கவில்லை. தலையில் அடி விழுகிறது, வாயில் விஷ மாத்திரை போடப்படுகிறது. சாக வேண்டியவன் சாகவில்லை, உடல் மட்டும் ஆறேழு வயதுப் பையனாகச் சுருங்கிவிடுகிறது.

பக்கத்து வீட்டுப் பேராசிரியர் அகாசாவிடம் மட்டும் உண்மையைச் சொல்கிறான். அந்த நேரம் பார்த்து ரான் வந்து பெயர் கேட்க, புத்தக அலமாரியில் கண்ணில் பட்ட இரண்டு எழுத்தாளர்களின் பெயர்களை ஒட்டி "எடோகாவா கோனன்" என்று உளறுகிறான். ரானின் அப்பா கோகோரோ தனியார் துப்பறிவாளர். அந்த வீட்டிலேயே தங்கி, கருப்பு உடைக்காரர்களைப் பற்றிய தகவல் எப்போதாவது வரும் என்று காத்திருக்கிறான்.

எங்கிருந்து தொடங்குவது? 2016இல் வந்த 'எபிசோட் ஒன்' பார்த்தால் போதாதா?

போதாது, முதல் எபிசோடிலிருந்தே தொடங்குங்கள். இருபதாம் ஆண்டை ஒட்டி 2016 டிசம்பரில் வந்த அந்த ஸ்பெஷல், அதே தொடக்கக் கதையைப் புதிய படங்களோடு நீட்டிச் சொல்கிறது. நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் பல வருடம் கழித்து அறிமுகமாக வேண்டியவர்கள் அதில் முன்கூட்டியே வந்துவிடுகிறார்கள். பழைய பார்வையாளர்களுக்கு அது விருந்து. புதிதாக வருபவருக்கோ, 129ஆவது எபிசோடில் கிடைக்க வேண்டிய அதிர்ச்சி பாதியாகக் குறைந்துவிடும்.

ஒரே எபிசோடுக்கு ஓர் இடத்தில் ஓர் எண், இன்னோர் இடத்தில் வேறு எண். ஏன்?

ஜப்பானில் ஒரு மணி நேரம், இரண்டு மணி நேரம் என்று ஸ்பெஷல்கள் வந்தபோது அவற்றை ஒரே எபிசோடாகத்தான் எண்ணினார்கள். அமெரிக்க ஆங்கில டப்பிங் அவற்றை அரை மணி நேரத் துண்டுகளாக வெட்டி எண்ணியது. அதனால் ஜப்பானியக் கணக்கில் 123 வரை உள்ளவை அங்கே 130 ஆகிவிட்டன. முதல் குழப்பமே 11ஆவது எபிசோடில் வந்துவிடும். அதற்கு அப்புறம் எண்ணை நம்பாமல் வழக்கின் பெயரைப் பார்த்துத் தேடுவதுதான் நல்லது. இந்தப் பக்கத்தில் எல்லாமே ஜப்பானிய எண்கள்.

பெயர் மாற்றமும் அந்த டப்பிங்கில் தொடங்கியதுதான். 2004இல் அமெரிக்கத் தொலைக்காட்சிக்குப் போனபோது தொடரின் பெயர் 'கேஸ் க்ளோஸ்ட்' ஆனது, ஷினிச்சி ஜிம்மி ஆனான், ரான் ரேச்சல் ஆனாள், கோகோரோ ரிச்சர்ட் ஆனார். அதில் பழகியவர்களுக்கு ஒரு வார்த்தை: ஜப்பானியப் பெயர்களுக்கு ஒரு முறை மாறிப் பாருங்கள். இந்தத் தொடரில் பெயர்களே பாதிக் கதை.

அப்படிப் பெயர்களில் என்ன இருக்கிறது?

நிறைய இருக்கிறது. இந்தத் தொடருக்கு மூலமான மங்காவை, அதாவது ஜப்பானியச் சித்திரக் கதையை, வரைந்த கோஷோ அஓயாமா, தான் படித்து வளர்ந்த துப்பறியும் கதைகளுக்கெல்லாம் ஒரு கும்பிடு போட்டுவிட்டுத்தான் தொடங்கியிருக்கிறார் என்று எனக்குத் தோன்றும்.

கோனன் என்பது ஷெர்லாக் ஹோம்ஸைப் படைத்த ஆர்தர் கோனன் டாயிலின் பெயர். எடோகாவா என்பது ஜப்பானியத் துப்பறியும் கதையின் முன்னோடி எடோகாவா ரன்போவிடமிருந்து வந்தது. அந்த ரன்போவும் புனைபெயர்தான். எட்கர் ஆலன் போ என்ற பெயரை ஜப்பானிய நாக்கில் சொன்னால் வரும் ஒலி அது. ஒரு பெயருக்குள் இன்னொரு பெயர், அதற்குள் இன்னொன்று.

ரன்போ படைத்த துப்பறிவாளரின் பெயர் அகேச்சி கோகோரோ. ரானின் அப்பாவுக்குக் கோகோரோ என்ற பெயர் வந்தது அப்படித்தான். மோரி ரான் என்று வேகமாகச் சொல்லிப் பாருங்கள், ஆர்சென் லூபன் என்ற கதைத் திருடனைப் படைத்த மொரிஸ் லெப்லான் கேட்கும். அகாசா என்றால் அகதா கிறிஸ்டி. இன்ஸ்பெக்டர் மெகுரே என்றால் பிரெஞ்சுக் கதைகளில் வரும் போலீஸ் அதிகாரி மெக்ரே. மோரி அலுவலகத்துக்குக் கீழே இருக்கும் காபிக் கடையின் பெயர் போய்ரோ, கிறிஸ்டி படைத்த துப்பறிவாளரின் பெயர்.

இவர்கள் வாழும் பெய்கா டோக்கியோவில் இருப்பதாகச் சொல்லப்படும் கற்பனை ஊர். அந்தப் பெயரில் ஒளிந்திருப்பது ஹோம்ஸ் குடியிருந்த பேக்கர் தெரு. ஷினிச்சியின் வீடு இருப்பது பெய்கா இரண்டாம் வட்டாரம், 21ஆம் எண்: 221. ஹோம்ஸின் வீட்டு எண்ணும் 221பி தான். கோனனை மாற்றிய மருந்தின் பெயர் பின்னால் தெரியவரும், ஏபிடிஎக்ஸ் 4869. அந்த நான்கு எண்களையும் ஜப்பானிய முறையில் ஒலித்துப் படித்தால் ஷெர்லாக் என்பதற்குக் கிட்டத்தட்ட வந்துவிடும்.

இதெல்லாம் தெரியாவிட்டால் கதை புரியாது என்றில்லை. ஆனால் தெரிந்தபின், துப்பறியும் கதைகளின் மேல் உயிரை வைத்திருக்கும் ஒருவர் கட்டிய ஊர் இது என்பது புரியும்.

ரானிடம் உண்மையைச் சொல்லாமல் மறைப்பது கொடுமை இல்லையா?

கொடுமைதான். தொடரும் அதைக் கொடுமை என்றுதான் காட்டுகிறது.

காரணம் எளிது. ஷினிச்சி உயிரோடு இருப்பது தெரிந்தால் கருப்பு உடைக்காரர்கள் திரும்பி வருவார்கள், அவனைச் சேர்ந்தவர்களையும் விடமாட்டார்கள். அகாசா முதல் நாளே சொல்லும் எச்சரிக்கை இது, ரானையும் சேர்த்துத்தான் சொல்கிறார். ஆனால் காரணம் சரி என்பதால் வலி குறைந்துவிடுமா? ரான் தன் மனதில் இருப்பது ஷினிச்சி என்று ஆரம்பத்திலேயே வெளிப்படையாகச் சொல்கிறாள். சொல்வது யாரிடம்? தன் கையைப் பிடித்துக்கொண்டு நடக்கும் சின்னப் பையனிடம். அந்தப் பையன் முகம் சிவந்து நிற்கிறான்.

அப்புறம் அந்தத் தொலைபேசி அழைப்புகள். கோனன் எங்காவது ஒதுங்கி, குரலை மாற்றும் கருவியான வில் வடிவக் கழுத்து டையை வாயருகே பிடித்து, ஷினிச்சியாகப் பேசுகிறான். மறுமுனையில் ரான் கோபிப்பாள், சிரிப்பாள், எப்போது வருவாய் என்று கேட்பாள். ஒரு வழக்கில் மூழ்கியிருக்கிறேன், முடிந்ததும் வருகிறேன் என்பான். அவன் போனை வைத்த பிறகு கேமரா இரண்டு நொடி கூடுதலாக நிற்கும் காட்சிகளைத் தவறவிடாதீர்கள். கொலை வழக்குகள் மறந்துபோகும், அந்த இரண்டு நொடிகள் நினைவில் இருக்கும். பல பேர் இந்தத் தொடரை இத்தனை வருடம் விடாமல் பார்ப்பது கருப்பு உடைக்காரர்களுக்காக அல்ல, இந்தக் காத்திருப்புக்காக என்பது என் எண்ணம்.

கருப்பு உடைக்காரர்கள் அடிக்கடி வருவார்களா?

மாட்டார்கள். பூங்காவில் பார்த்த அந்த இருவர், ஜின், வோட்கா என்பது அவர்கள் பெயர், 5ஆவது எபிசோடில், ஷிங்கான்சென் அதிவேக ரயில் வெடிகுண்டு வழக்கில் ஒரு முறை தலைகாட்டுவார்கள். அதன்பிறகு ரொம்ப காலம் காணவே மாட்டார்கள். அந்தக் கதைக்காக மட்டும் பார்ப்பவர்கள் இருபதாவது எபிசோடிலேயே சலித்துப்போவார்கள். தனித்தனிக் கொலை வழக்குகளின் தொகுப்பாக இதை எடுத்துக்கொள்ளுங்கள், நடுநடுவே பெரிய கதை தொட்டுச் செல்லும்.

மங்காவில் இல்லாத எபிசோடுகளைத் தள்ளிவிட்டுப் பார்க்கலாமா?

மங்கா 1994இல் ஷோனென் சண்டே வார இதழில் தொடங்கியது. அனிமே இரண்டே வருடத்தில் பின்னாலேயே வந்துவிட்டது. வாரம் ஓர் எபிசோடு என்றால் மங்காவை எட்டிப்பிடிக்க எவ்வளவு நாளாகும்? அதனால் அனிமேக்காகவே வழக்குகள் எழுதினார்கள். 6ஆவது எபிசோடான காதலர் தினக் கொலை வழக்கு அவற்றில் முதலாவது.

இணையத்தில் தள்ளவேண்டியவற்றின் பட்டியல்கள் நிறைய உலவுகின்றன. அவற்றைக் கையில் வைத்துக்கொண்டு இந்தத் தொடரைப் பார்ப்பது எனக்கு உடன்பாடில்லை. மற்ற அனிமேக்களில் மங்காவில் இல்லாத பகுதி என்றால் கதை நகராமல் நிற்கும். இங்கே ஒவ்வொரு வழக்கும் தானே தொடங்கித் தானே முடிகிற சிறுகதை, அது மங்காவில் இருந்ததா இல்லையா என்பதால் சுவை மாறுவதில்லை. சில நிச்சயமாகச் சுமார்தான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்தச் சுமாரான வழக்குகளில்தான் கோகோரோ வீட்டின் அன்றாடம், வகுப்புத் தோழர்களான ஆயுமி, கென்டா, மிட்சுஹிகோ மூவரோடும் கோனன் பழகும் விதம் எல்லாம் மெல்லப் படிகிறது. அந்த மூன்று குழந்தைகளை முதல் எபிசோடிலேயே பூங்காவில் கொண்டுவந்ததும் அனிமேதான்.

ஒரே ஓர் இடத்தில் மட்டும் அனிமே எடுத்த முடிவு பின்னால் சிக்கலானது. மங்காவின் இரண்டாம் தொகுதியில், காணாமல்போன அப்பாவைத் தேடித் தரச்சொல்லி ஒரு பெண் கோகோரோவிடம் வருவாள். அந்த வழக்குக்கும் கருப்பு உடைக்காரர்களுக்கும் தொடர்பு உண்டு. 13ஆவது எபிசோடில் அனிமே அந்தத் தொடர்பை வெட்டிவிட்டு முடிவையே மாற்றிவிட்டது. சில வருடம் கழித்து, மங்காவின் பதினெட்டாம் தொகுதியில் ஐ ஹைபரா என்ற பாத்திரம் வருகிறாள். அவளைப் புரிந்துகொள்ள அந்தப் பழைய வழக்கின் உண்மையான முடிவு தெரிந்தே ஆகவேண்டும்! அதனால் 1998இன் இறுதியில் 128ஆவது எபிசோடாக அதையே மங்காவில் உள்ளபடி மறுபடியும் எடுத்தார்கள். 13ஐப் பார்த்தவர்கள் 128இல் இதே கதைதானே என்று குழம்புவது இதனால்தான். 128இல் வருவதை உண்மையாக எடுத்துக்கொண்டு மேலே போங்கள்.

11ஆவது எபிசோடைப் பற்றி எல்லோரும் ஏன் அவ்வளவு பேசுகிறார்கள்?

'பியானோ சொனாட்டா மூன்லைட் கொலை வழக்கு', 1996 ஏப்ரலில் ஒரு மணி நேர ஸ்பெஷலாக வந்தது. பன்னிரண்டு வருடத்துக்கு முன்பே இறந்துபோன ஒரு பியானோ கலைஞரின் பெயரில் கோகோரோவுக்கு ஒரு கடிதம் வருகிறது. த்சுகிகாகே என்ற தீவுக்கு வரச்சொல்லும் கடிதம். தீவின் பெயருக்கே நிலவொளி என்றுதான் பொருள். அந்தக் கலைஞர் எரியும் வீட்டுக்குள் பேத்தோவனின் மூன்லைட் சொனாட்டாவை வாசித்துக்கொண்டே இறந்தார் என்று ஊரார் சொல்கிறார்கள். இவர்கள் போய் இறங்கியதும் கொலைகள் தொடங்குகின்றன, ஒவ்வொன்றின்போதும் அதே இசை. ஸ்வரக் குறிப்புகளுக்குள் ரகசியச் செய்தி ஒளிந்திருக்கிறது.

துப்பு துலக்கும் பகுதி நன்றாக இருக்கிறது. ஆனால் இந்த எபிசோடு மனதில் தங்குவதற்கு அது காரணமல்ல. முதல் பத்து எபிசோடுகளில் கோனனுக்கு ஒவ்வொரு வழக்கும் ஒரு புதிர், விடை கிடைத்தால் முகத்தில் ஒரு துள்ளல். இந்தத் தீவில் அவன் விடையைச் சரியாகவே கண்டுபிடிக்கிறான். ஆனாலும் அந்த இரவு அவன் விரும்பியபடி முடிவதில்லை. கண்டுபிடிப்பது வேறு, காப்பாற்றுவது வேறு என்று ஒரு பதினேழு வயதுப் பையன் தெரிந்துகொள்ளும் இடம் இது. குற்றவாளியைத் தர்க்கத்தால் மூலையில் தள்ளிவிட்டு அவர்களின் உயிரைக் கைவிடும் துப்பறிவாளர் கொலைகாரருக்குச் சமம் என்று பின்னாளில் அவன் சொல்வான். அந்த எண்ணத்தின் வேர் இந்தத் தீவில்தான் இருக்கிறது என்பேன். கடைசி ஐந்து நிமிடத்தை போனை ஓரமாக வைத்துவிட்டுப் பாருங்கள்.

கோகோரோ உண்மையிலேயே ஒன்றும் தெரியாதவரா?

பார்த்தால் அப்படித்தான் தெரியும். குடி, சிகரெட், குதிரைப் பந்தயம், யோகோ ஒகினோ என்ற பாடகி மேல் பைத்தியம், வந்த வேகத்தில் தப்பான ஆளைக் குற்றவாளி என்று கைகாட்டுவது. 3ஆவது எபிசோடில் அந்தப் பாடகியின் வீட்டிலேயே கொலை நடக்கும்போது, கோனன் ஒரு சாம்பல் கிண்ணத்தை உதைத்து அவரை மயக்கமாக்கித்தான் அவர் குரலில் பேசுகிறான். கைக்கடிகாரத்திலிருந்து மயக்க ஊசி எய்து அவரைத் தூங்கவைத்துவிட்டு அவர் குரலில் பேசுவது வழக்கமானது அதற்குப் பிறகு. அந்தக் கடிகாரத்தில் ஒரு நேரத்தில் ஓர் ஊசிதான் இருக்கும், குறி தவறினால் அதோடு சரி. இப்படித்தான் அவருக்கு 'உறங்கும் கோகோரோ' என்று ஊரெல்லாம் பெயர் வந்தது.

ஆனால் அவர் முன்னாள் போலீஸ்காரர், ஜூடோவில் கெட்டிக்காரர். 27, 28ஆவது எபிசோடுகளில் பழைய கல்லூரி நண்பர்கள் ஒன்றுகூடும் வெந்நீரூற்று விடுதியில் கொலை நடக்கிறது. அங்கே ஊசி இல்லை, தூக்கம் இல்லை, கோகோரோ தானே எழுந்து நின்று வழக்கை முடிக்கிறார். நண்பர்கள் என்று வந்ததும் அவர் கண் திறந்துகொள்கிறது. அதைப் பார்த்துவிட்டு 32ஆவது எபிசோடுக்கு வாருங்கள். ரானின் அம்மா, வழக்கறிஞர் எரி கிசாகி அதில்தான் அறிமுகமாகிறார். பத்து வருடமாகப் பிரிந்து வாழும் கணவன் மனைவி ஒரே காபிக் கடையில் உட்கார்ந்தால் என்ன நடக்கும் என்பது கொலையைவிடச் சுவாரசியம்.

யாரென்று தெரியாத குற்றவாளி ஏன் கரிபூசிய பொம்மை மாதிரி வருகிறார்?

முகத்தைக் காட்டாமல் குற்றத்தை மட்டும் காட்ட மங்காவிலேயே வைத்த வழக்கம் அது. உடல் முழுக்கக் கருப்பு, கண்கள் மட்டும் தெரியும். ஆணா பெண்ணா, குட்டையா நெட்டையா என்று அதை வைத்து முடிவு செய்யாதீர்கள்.

படம் பழசாக இருக்கிறதே, பார்க்க முடியுமா?

செல்லுலாய்டு தாளில் கையால் வண்ணம் தீட்டிய காலம், சதுரத்துக்குக் கிட்டத்தட்ட வரும் பழைய டிவி அளவு. இரண்டு எபிசோடுக்குள் கண் பழகிவிடும். இரவுக் காட்சிகளில் இருக்கும் அந்தக் கனமான நீலமும் கருப்பும் இன்றைய கணினி வண்ணத்தில் வருவதில்லை. அதோடு கட்ஸுவோ ஓனோவின் பின்னணி இசை சேரும்போது, மழை நாளில் பார்க்க இதைவிட நல்லதை எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

பொதுத் தொலைபேசி, கேசட், ஃபேக்ஸ், ஃப்ளாப்பி என்று 90களின் பொருள்களே பல தந்திரங்களுக்கு ஆதாரம். இன்று ஒரு வாட்ஸ்அப் செய்தியில் உடைந்துபோகும் பொய்ச் சாட்சியம், அன்று உடைய ஒரு முழு எபிசோடு தேவைப்பட்டது. பின்னால் வரும் எபிசோடுகளில் ஸ்மார்ட்போன் வந்துவிடும், ஆனால் கோனன் அதே ஒன்றாம் வகுப்பில்தான் இருப்பான். கதைக்குள் ஒரு வருடம்கூடப் போகவில்லை என்று வைத்துக்கொள்ள வேண்டியதுதான்.

குரல்கள் மாறிவிட்டதாகச் சொல்கிறார்களே?

முதல் எபிசோடிலிருந்து கோனனுக்கு மினாமி டகாயாமா, ஷினிச்சிக்குக் கப்பெய் யமாகுச்சி. இருவரும் இன்றும் பேசுகிறார்கள். கோகோரோவுக்கு 2009 வரை அகிரா கமியா, அதன்பின் ரிகியா கோயாமா. ரானுக்கு இருபத்தெட்டு வருடம் குரல் கொடுத்த வகானா யமசாகி 2024இல் காலமானார். தொடக்க எபிசோடுகளை ஜப்பானிய ஒலியில் சப்டைட்டிலோடு பாருங்கள் என்று நான் சொல்ல அவர்தான் முதல் காரணம். அந்தத் தொலைபேசிக் காட்சிகளில் அழுகையை அடக்கிக்கொண்டு சாதாரணமாகப் பேசுவதுபோல் பேசும் குரல், வேறெந்த மொழியிலும் எனக்குக் கிடைக்கவில்லை.

குழந்தைகளோடு பார்க்கலாமா?

கதாநாயகன் சின்னப் பையன் என்பதால் இது குழந்தைகளுக்கானது என்று நினைத்துவிடாதீர்கள். முதல் எபிசோடிலேயே ரோலர் கோஸ்டரில் ஒருவரின் தலை துண்டாகிறது, ரத்தம் பீறிடுகிறது. ஜப்பானில் திங்கட்கிழமை மாலை ஏழரைக்குக் குடும்பமாகப் பார்த்தார்கள், அமெரிக்காவில் பெரியவர்களுக்கான இரவு நேரத்தில் போட்டார்கள். பத்து வயதுக்குக் குறைந்தவர்கள் என்றால் நீங்கள் முதலில் தனியாகப் பார்த்துவிடுங்கள். 4ஆவது எபிசோடு, குழந்தைகள் ஒரு ரகசிய வரைபடத்தைத் துரத்தும் கதை, அவர்களுக்கு நல்ல தொடக்கமாக இருக்கும்.

ஹெய்ஜி எப்போது வருவான்?

48, 49ஆவது எபிசோடுகளில், தூதரக அதிகாரி கொலை வழக்கில். ஒசாகாவின் இளம் துப்பறிவாளன், அந்த வட்டாரப் பேச்சோடு, ஷினிச்சியோடு மோதிப் பார்க்க வேண்டும் என்றே டோக்கியோ வருகிறான். துப்பறிவதில் வெற்றி தோல்வி கிடையாது, உண்மை எப்போதும் ஒன்றுதான் என்று ஷினிச்சி அவனிடம் சொல்லும் இடம் இருக்கிறது. அந்தப் பகையிலிருந்து பிறந்த நட்பு 57, 58ஆவது எபிசோடுகளில், ஹோம்ஸ் ரசிகர்கள் கூடும் விடுதியில் அடுத்த கட்டத்துக்குப் போகும். இடைவெளி விடாமல் இரண்டு வழக்குகளையும் அடுத்தடுத்துப் பாருங்கள்.

கொலையாளியை நாமே கண்டுபிடிக்க முடியுமா?

முடியும், எல்லா வழக்கிலும் இல்லாவிட்டாலும். கோனன் பார்ப்பதை நமக்கும் காட்டிவிடுவதுதான் இந்தத் தொடரின் நேர்மை. முதல் எபிசோடையே எடுத்துக்கொள்ளுங்கள். ரோலர் கோஸ்டரை விட்டு இறங்கியவர்களில் ஒருவர் அழுதுகொண்டிருக்கிறார். அழுதால் கண்ணீர் கன்னத்தில் கீழ்நோக்கித்தான் வழியும். வண்டி அந்த வேகத்தில் பாயும்போதே அழுதிருந்தால்? கண்ணீர் பக்கவாட்டில், காதை நோக்கிப் போயிருக்கும். அந்தத் தடம் திரையில் இருக்கிறது, ஷினிச்சி சொல்வதற்கு முன்பே.

நான் செய்வது இதுதான்: கோனனின் முகத்தில் மின்னல் வெட்டினாற்போல் ஒரு கோடு ஓடும்போது படத்தை நிறுத்திவிடுவேன். அதற்குள் தேவையான துப்பு பெரும்பாலும் வந்திருக்கும். யார், எப்படி என்று ஒரு தாளில் எழுதி வைத்துவிட்டு மறுபடி ஓடவிடுவேன். யாரென்பது பாதி நேரம் சரியாக வரும். எப்படி என்பது அபூர்வமாகத்தான். மீன்பிடி நரம்பு, பனிக்கட்டி, கதவுத் தாழ்ப்பாள் என்று வந்தால் தாளை மடித்து வைத்துவிட்டு விளக்கத்தைக் கேட்க உட்கார்ந்துவிடுவேன்.

129 முடிந்த பிறகு?

129ஆவது இரண்டு மணி நேர ஸ்பெஷல், 1999 ஜனவரியில் வந்தது. கோனனின் வகுப்பில் ஒரு புதிய மாணவி சேர்கிறாள். பள்ளி விட்டு வீட்டுக்கு நடந்து போகும் வழியில் அவள் அவனிடம் ஒரு பெயரைச் சொல்கிறாள். அதுவரை வந்துவிட்டால், மேலே என்ன பார்ப்பது என்று நீங்கள் யாரையும் கேட்கமாட்டீர்கள்.